உதறிய தூசி

அப்பாவின் மூச்சைத்தான் நான் கேட்டுக்கொண்டிருந்தேன். மொன்றியலின் பார்க் எக்ஸ்டென்ஷன் பகுதியில் எங்கள் வீடு மூன்றாவது மாடியில் இருந்தது. லிஃப்ட் கிடையாது. விமான நிலையத்திலிருந்து வந்த அன்று அவர் பெரிய பெட்டியைத் தானே தூக்கிக்கொண்டு ஏறினார். என் கணவர் கை நீட்டியபோது, "விடுங்க மாப்ள, இதென்ன கனம்" என்றார். நான் வயிற்றைப் பிடித்துக்கொண்டு அவருக்குப் பின்னால் ஏறினேன். இழுப்பு இருக்கிறதா, நெஞ்சில் விசில் கேட்கிறதா, நடுவில் நிற்கிறாரா என்று காதைத் தீட்டியிருந்தேன். ஒன்றும் இல்லை. வாசலில் நின்று நெற்றியைத் துடைத்துக்கொண்டார், அவ்வளவுதான்.

அம்மா இரண்டாவது மாடித் திருப்பத்தில் நின்றுவிட்டிருந்தாள். கைப்பிடியைப் பற்றியபடி மேலே பார்த்துச் சிரித்தாள்.

"வர்றேன், வர்றேன். அவ்வளவு நேரம் உக்காந்தே வந்தேன்ல, காலு மரத்துப்போச்சு."

நான் நம்பினேன். நம்பாமல் இருக்க எந்தக் காரணமும் இல்லை.

அது 2005-இன் இலையுதிர் காலம். என் முதல் பிரசவத்துக்காக இருவரும் மொன்றியல் வந்திருந்தார்கள். அப்பாவின் மூச்சுக்கு நான் பயந்ததற்குக் காரணம் அவருடைய வேலை. எங்கள் ஊருக்கு வெளியே சிமெண்ட் ஷீட் செய்யும் தொழிற்சாலை ஒன்று இருந்தது. கூரைக்குப் போடும் அலையலையான ஷீட். சிமெண்ட்டோடு கல்நாரைக் கலந்து அதைச் செய்வார்கள். கல்நார் பார்க்கப் பஞ்சு மாதிரி இருக்கும், ஆனால் பாறையிலிருந்து வெட்டி எடுப்பது. எழுபதுகளின் தொடக்கத்தில் அப்பா அங்கே சேர்ந்தார். கல்நார் மூட்டைகளைக் கத்தியால் கிழித்துக் கலவை எந்திரத்தில் கொட்டுவது அவர் வேலை. பிறகு அந்தப் பிரிவுக்கே மேற்பார்வையாளர் ஆனார். ஓய்வு பெறும்வரை வேறு பிரிவு பார்த்ததில்லை.

அந்த மூட்டைகளில் கனடா என்று ஆங்கிலத்தில் அச்சடித்திருக்கும். அதனால் எனக்கு மொன்றியலில் ஆய்வுப் படிப்புக்கு இடம் கிடைத்தபோது வீட்டிலேயே அதிகம் சந்தோஷப்பட்டவர் அவர்தான். "கனடாவா? அந்த ஊரு சரக்கு முதல் தரம்மா. ரஷ்யாக்காரன் சரக்கெல்லாம் பக்கத்துல நிக்காது" என்று வந்தவர் போனவரிடமெல்லாம் சொன்னார்.

நான் படிக்க வந்தது பிரித்தானியத் தொழில்துறையின் வரலாறு. இருபதாம் நூற்றாண்டின் முதல் முப்பது ஆண்டுகள், வடக்கு இங்கிலாந்தின் பஞ்சாலைகள் என்றுதான் தலைப்பு எழுதிக் கொடுத்திருந்தேன். நூலகத்தில் பழைய அரசாங்க அறிக்கைகளைப் படிக்கத் தொடங்கிய பிறகுதான், அதே பஞ்சாலை எந்திரங்களைக் கொஞ்சம் மாற்றி அங்கே கல்நாரையும் நூற்றார்கள் என்று தெரிந்தது. அதற்கான கல்நார் இங்கிருந்து, மொன்றியலுக்குக் கிழக்கே சில மணி நேரத் தொலைவிலுள்ள சுரங்க ஊர்களிலிருந்து கப்பலில் போயிருக்கிறது. அப்பா சொன்ன முதல் தரச் சரக்கு. வழிகாட்டிப் பேராசிரியரிடம் கேட்டுத் தலைப்பை மாற்றிக்கொண்டேன்.

இங்கிலாந்து அப்போது உலகத்துக்கே கப்பலும் ரயில் எஞ்சினும் செய்துகொண்டிருந்தது. அந்தக் கொதிகலன்களுக்குச் சூடு தாங்கும் போர்வை வேண்டும். நாடகக் கொட்டகைகளுக்குத் தீப்பிடிக்காத திரை வேண்டும். மோட்டார் வந்ததும் பிரேக்குக்குத் தேய்மானம் தாங்கும் பட்டை வேண்டும். எல்லாவற்றுக்கும் கல்நார் நூல். அந்த நூலை நூற்றவர்களில் பெரும்பாலோர் பெண்கள், பதின்மூன்று பதினான்கு வயதில் மில்லுக்குள் நுழைந்தவர்கள். நூற்றாண்டு பிறப்பதற்குச் சற்று முன்பே, அரசு நியமித்த முதல் பெண் ஆய்வாளர்கள் அந்த மில்களுக்குப் போய்ப் பார்த்தார்கள். அங்கே பறந்த தூசியை நுண்ணோக்கியில் வைத்துப் பார்த்தால் உடைந்த கண்ணாடிச் சில் மாதிரி இருக்கிறது, உள்ளே போனால் கெடுதல் என்று எழுதினார்கள். எழுதியதோடு சரி. கால் நூற்றாண்டு கழித்து, முப்பது சொச்சம் வயதில் செத்துப்போன ஒரு நூற்பாலைப் பெண்ணின் நுரையீரலை ஒரு மருத்துவர் அறுத்துப் பார்த்தார். உள்ளே அந்தச் சில்லுகள் இருந்தன. அதற்கும் பல ஆண்டுகள் கழித்துத்தான் தூசிக்கென்று ஒரு சட்டம் வந்தது.

முதல் வருடம் இதையெல்லாம் ஏதோ துப்பறியும் கதை மாதிரி படித்தேன். ஒரு மத்தியானம், மூட்டை பிரிக்கும் அறையைப் பற்றிய பக்கம் வந்தது. தொழிலாளர்கள் கையால் மூட்டையைக் கிழித்துக் கொட்டும்போது எதிரே நிற்கும் ஆள் தெரியாத அளவுக்குப் புழுதி எழும் என்று இருந்தது. அடுத்த பக்கத்துக்குப் போக முடியவில்லை. நூலகத்தின் வெளிவாசலுக்கு வந்து ஊருக்குப் போன் செய்தேன்.

"அப்பா, இருமல் ஏதாவது இருக்கா?"

"ஏன் கண்ணு? எனக்கென்ன, கல்லு மாதிரி இருக்கேன்."

அதிலிருந்து வாராவாரம் கேட்டேன். அம்மாவிடம் ஒரு தடவைகூடக் கேட்கவில்லை.

இருவரும் மொன்றியல் வந்த பிறகு ஒருநாள் சாப்பாட்டின்போது அப்பாவே பேச்சை எடுத்தார்.

"நம்ம சரக்கைப் பத்தி இங்கிலீஷ்காரன் என்னதான் எழுதியிருக்கான்?"

சொன்னேன். நூற்ற பெண்கள், கண்ணாடிச் சில், அறுத்துப் பார்த்த நுரையீரல். கவனமாகக் கேட்டார். பிறகு தலையை ஆட்டினார்.

"அது நூல் நூக்கற எடம். காஞ்ச வேலை, பறக்கத்தான் செய்யும். நம்ம ஃபேக்டரில தண்ணி ஊத்திச் சிமெண்ட்டோட அரைக்கறது. ஈரத்துல தூசி ஏது?"

"மூட்டையப் பிரிக்கறப்போ?"

சோற்றைப் பிசைந்த கை கொஞ்சம் நின்றது. "அப்போ கொஞ்சம் பறக்கும்தான். துண்டு கட்டிக்குவோம். கம்பெனி டாக்டரு வருசா வருசம் நெஞ்சுப் படம் எடுத்தாரே."

"அந்தப் படத்த உங்ககிட்டக் காட்டினாரா?"

"நமக்கெதுக்குக் காட்டணும்? நல்லா இருக்குன்னு சொன்னாரு."

அம்மா ரசத்தை ஊற்றினாள். "சாப்பிடற நேரத்துல கோர்ட்டுல கேக்கற மாதிரி கேக்காத. அவருக்கு ஒண்ணும் இல்ல. பிரசவம் முடியட்டும், அப்புறம் எந்த டாக்டர்கிட்ட வேணாலும் கூட்டிட்டுப் போ."

டிசம்பரில் மகள் பிறந்தாள். நாங்கள் மருத்துவமனையிலிருந்து திரும்பியபோது தெரு முழுக்கப் பனி. அப்பா எங்கிருந்தோ ஒரு மண்வாரியைக் கடன் வாங்கி வாசலைச் சுத்தம் செய்துவைத்திருந்தார். அம்மா படிக்கட்டின் கீழே ஆரத்தித் தட்டோடு நின்றிருந்தாள். சுற்றி முடித்த பிறகு, "நீங்க ஏறுங்க, நான் மெல்ல வர்றேன்" என்றாள்.

கீழ்வீட்டில் ஒரு யாழ்ப்பாணத்து அக்கா குடியிருந்தார். கணவரோடு சேர்ந்து தெருமுனையில் டெப்பனர் வைத்திருந்தார். பாலும் ரொட்டியும் சிகரெட்டும் விற்கிற மூலைக்கடைக்கு இங்கே அதுதான் பெயர். எனக்குப் பத்தியக் கறி சமைத்துக்கொண்டு வருவார். வந்தால் அம்மாவோடு உட்கார்ந்து பேசிவிட்டுத்தான் போவார். ஒருநாள் போகும்போது என்னை வாசலுக்கு வெளியே அழைத்தார்.

"தங்கச்சி, நான் ஒண்டு சொன்னால் கோவிக்கக் கூடாது. அம்மாவுக்குச் சுகமில்லை. கதைக்கேக்க இடையில நிண்டு மூச்செடுக்கிறா. பிள்ளையைக் குளிக்க வார்த்துப்போட்டுச் சுவரைப் பிடிச்சுக்கொண்டு நிண்டதை இப்ப கண்டனான்."

"குளிர் ஒத்துக்கலன்னு சொல்றாங்க அக்கா."

"குளிருக்குத் தடிமன் வரும், இருமல் வரும். இது வேற. அப்பாவுக்கு டொக்டரிட்ட நாள் எடுத்திருக்கிறீர் தானே? அம்மாவையும் கொண்டுபோய்க் காட்டும். நான் கார் கொண்டு வாறன்."

உள்ளே திரும்பிப் பார்த்தேன். அம்மா சோபாவில் நிமிர்ந்து உட்கார்ந்தபடியே கண் அசந்திருந்தாள். அவள் படுத்துத் தூங்கி எத்தனையோ நாளாகிவிட்டது என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது.

ஜனவரியில் இருவரையும் கூட்டிப்போனோம். மருத்துவர் பிரெஞ்சுக்காரப் பெண். இரண்டு நெஞ்சுப் படங்களையும் வெளிச்சப் பெட்டியில் பக்கத்தில் பக்கத்தில் மாட்டினார். முதலில் அப்பாவுடையது. நுரையீரலைச் சுற்றியிருக்கும் சவ்வில் சின்னச் சின்னத் திட்டுகள் இருக்கின்றன, கல்நாரில் வேலை செய்த அடையாளம்தான், இப்போதைக்குப் பயமில்லை, பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும் என்றார். எனக்கு இருந்த நிம்மதியில் அழுகை வந்துவிட்டது. அப்பா என் தோளைத் தட்டி, "பாத்தியா, நான் சொன்னேன்ல" என்றார்.

மருத்துவர் அப்பா பக்கம் திரும்பவில்லை. இரண்டாவது படத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். அம்மாவின் நெஞ்சில் வலது பக்கம் பாதிக்குமேல் வெள்ளையாக இருந்தது. உள்ளே நீர் கட்டியிருக்கிறது, இன்றைக்கே பெரிய மருத்துவமனைக்குப் போங்கள் என்றார்.

நீரை ஊசி வைத்து எடுத்தார்கள். அம்மா பல மாதங்களுக்குப் பிறகு முழு மூச்சு விட்டு, "இப்ப நல்லாருக்கு, வீட்டுக்குப் போலாம்" என்றாள். சவ்விலிருந்து துணுக்கு எடுத்துப் பரிசோதனைக்கு அனுப்பினார்கள். முடிவு வந்ததும் நுரையீரல் நிபுணர் எங்களை ஒரு சின்ன அறையில் உட்கார வைத்தார். குழந்தை என் மடியில் தூங்கிக்கொண்டிருந்தது. அப்பா குரங்குத் தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு சன்னலோரம் உட்கார்ந்திருந்தார்.

அது சவ்வில் வரும் புற்றுநோய். நோயின் பெயரைச் சொன்னதுமே எனக்குத் தெரிந்துவிட்டது. கல்நார் இல்லாமல் அநேகமாக அது வருவதில்லை. மருத்துவர் அம்மாவிடம் எங்கே வேலை பார்த்தீர்கள் என்று கேட்கச் சொன்னார். வீட்டைத் தவிர எங்கும் இல்லை என்றேன். கணவர்? சொன்னேன். அவர் பேனாவைக் கீழே வைத்தார். கணவர் வேலைக்குப் போட்டுக்கொண்டு போன துணியை யார் துவைத்தார்கள் என்று கேட்டார்.

"என்னடி கேக்கறாரு?" என்றாள் அம்மா.

"அப்பாவோட யூனிஃபார்ம யாரு தொவைச்சாங்கன்னு கேக்கறாரும்மா."

தன்னைப் பற்றி ஒருவர் கேட்கிறாரே என்று அவள் முகம் கொஞ்சம் மலர்ந்தது. "வேற யாரு? நான்தான். தினம் ஒரு ஜோடி காக்கி. நேரா தண்ணில முக்கினா அந்தப் பஞ்சு கட்டியா ஒட்டிக்கும், போகவே போகாது. அதனால கொல்லையில நின்னு முதல்ல நல்லா உதறுவேன். வெள்ளை வெள்ளையாப் பறக்கும். என் தலையெல்லாம் நரைச்ச மாதிரி ஆயிடும்." என் பக்கம் கையைக் காட்டினாள். "இவ சின்னதுல அதைப் புடிக்க ஓடி வருவா. வெரட்ட வெரட்ட வருவா."

ஆங்கிலத்தில் சொன்னேன். கடைசி இரண்டு வாக்கியங்களை என்னால் சொல்ல முடியவில்லை. ஆனால் மருத்துவர் அவள் கை காட்டியதைப் பார்த்திருந்தார். அப்போது அந்த வீட்டில் வேறு யார் இருந்தார்கள் என்று மெதுவாகக் கேட்டார்.

"நான் மட்டும்தான்" என்றேன். அவர் குழந்தையைப் பார்த்தார். பிறகு எதையோ எழுதிக்கொண்டார்.

அங்கே பேசிய அளவுக்கு ஆங்கிலம் அப்பாவுக்குப் புரியும்.

அடுத்த நாள் காலை அவர் கோட்டை மாட்டிக்கொண்டு வெளியே போனார். ஜான்-டலோன் சந்தை வரை நடப்பது அவருக்குப் பழக்கம். குளிர்காலத்தில் உள்ளே மட்டும் கடை போட்டிருப்பார்கள். கத்தரிக்காயின் விலையைக் கேட்டுச் சிரித்துவிட்டு ஆப்பிள் வாங்கி வருவார். அன்று வெறுங்கையோடு வந்தார். காலணியில் ஒட்டிய பனி உருகித் தரையில் ஓடியது, அதைக் கவனிக்காமல் சமையலறை மேசையில் உட்கார்ந்தார்.

"உன் படிப்புல இது இருந்துச்சா?" என்று கேட்டார்.

"எது?"

"துணி தொவைக்கறவங்க."

"நான் படிக்கற வருசத்துல இல்லப்பா. மில்லுக்குள்ள இருந்தவங்களைத்தான் எண்ணினாங்க. வீட்ல இருந்தவங்களை யாரும் பாக்கல."

"அப்புறம் பாத்தாங்களா?"

"அறுபதுகள்ல எழுதியிருக்காங்க. தொழிலாளிங்க பொண்டாட்டி, புள்ளைங்களுக்கும் வருதுன்னு."

அவர் மேசையையே பார்த்துக்கொண்டிருந்தார். "அப்ப நான் வேலைக்குச் சேர்றதுக்கு முன்னாடியே எழுதியாச்சு."

"ஆமாப்பா."

"இங்கிலீஷ்ல."

"ஆமாப்பா."

அவர் எழுந்து போய்த் தரையிலிருந்த ஈரத்தைத் துணியால் துடைத்தார். துடைத்த இடத்தையே மறுபடி மறுபடி துடைத்தார்.

செய்யக்கூடியது அதிகமில்லை என்று மருத்துவர்கள் சொல்லிவிட்டார்கள். நீர் சேரச் சேர எடுக்கலாம், வலிக்கு மருந்து தரலாம். நாங்கள் அம்மாவிடம் நெஞ்சில் சளி நீர் என்று மட்டும் சொல்லியிருந்தோம். ஒரு மத்தியானம் குழந்தைக்குப் பால் கொடுத்துக்கொண்டிருந்தேன். அப்பா கீழே டெப்பனருக்குப் போயிருந்தார். அம்மா என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள்.

"எனக்கு என்னன்னு எனக்குத் தெரியும். நீ மூஞ்சத் தூக்கி வெச்சுக்காத."

நான் ஏதோ சொல்லத் தொடங்கினேன். கையைக் காட்டி நிறுத்தினாள். பேசுவதற்கு அவளுக்கு மூச்சைச் சேர்க்க வேண்டியிருந்தது.

"அவரு சோறு திங்கறதில்ல. தட்டுல கோலம் போட்டுட்டு எந்திரிச்சிடறாரு. அந்த டாக்டர் முன்னாடி நான் ஏன்தான் அப்படி வளவளன்னு சொன்னேன்னு இருக்கு."

"நீ உண்மையத்தானேம்மா சொன்ன."

"உண்மைதான். அதுக்காக? அவரு சட்டைய நான் தொவைக்காம வேற யாரு தொவைப்பா? அந்த வேலையிலதான உன்னப் படிக்க வெச்சோம். இனிமே யாரும் அவர்கிட்ட அந்தப் பேச்ச எடுக்கக் கூடாது. உன் பொஸ்தகத்துல எழுதறதுன்னா எழுது. வீட்ல வேணாம்."

பிறகு குழந்தையின் காலைப் பிடித்துப் பார்த்து, "உங்கப்பா கால் மாதிரியே பெருவிரல் நீளம்" என்றாள்.

ஊருக்குப் போக வேண்டும் என்று அவள்தான் கேட்டாள். மார்ச் கடைசியில் நீரை எடுத்துவிட்டு, மருத்துவர் பயணத்துக்குச் சம்மதித்த பிறகு கிளம்பினோம். நான் பல்கலைக்கழகத்தில் விடுப்புச் சொல்லிவிட்டுக் குழந்தையோடு அவர்களுடன் போனேன். கீழ்வீட்டு அக்கா விமான நிலையம் வரை வந்தார். சக்கர நாற்காலியில் இருந்த அம்மாவின் கழுத்தில் தன் கம்பளிச் சால்வையைச் சுற்றிவிட்டார்.

"எங்கட ஊர்ப் பக்கம் எனக்குப் போகேலாது. நீங்கள் உங்கட ஊருக்குப் போறியள். சந்தோசமாப் போங்கோ."

"நீங்க வாங்க எங்க வீட்டுக்கு" என்றாள் அம்மா.

"ஓம், பேந்தொரு நாள் வாறன்" என்றார் அவர். இருவரும் ஒருவர் கையை ஒருவர் விடாமல் இருந்தார்கள். சக்கர நாற்காலியைத் தள்ள வந்த பையன் பொறுமையாக நின்றான்.

அம்மா ஆடி மாதம் இறந்துபோனாள். கடைசி நாட்களில் அப்பாதான் அவளை நிமிர்த்திப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். படுத்தால் மூச்சு முட்டும் என்பதால் அவர் மார்பில் சாய்ந்தபடிதான் தூங்கினாள். வேறு யாரையும் அவர் அந்த இடத்தில் உட்கார விடவில்லை.

தொழிற்சாலையிலிருந்து மாலை வந்தது. பணியாளர் பிரிவின் மேலாளரும் இன்னொருவரும் கொண்டுவந்தார்கள். ஓய்வு பெற்றவர் வீட்டில் சாவு என்றால் அப்படி ஒரு வழக்கம். அப்பா எழுந்து நின்று அவர்களை வரவேற்றார். மேலாளர் இளைஞர், நல்ல மனிதராகத்தான் தெரிந்தார். மாலையை வைத்துவிட்டு வந்து அப்பாவின் கையைப் பிடித்து, "சாருக்குப் பெரிய இழப்பு. உங்களை மாதிரி ஆளுங்க உழைப்புலதான் கம்பெனி நிக்குது" என்றார்.

அப்பா அம்மாவைக் காட்டினார். "இவளும் உங்க கம்பெனிலதான் வேலை பாத்தா."

மேலாளர் புரியாமல் என்னைப் பார்த்தார்.

"முப்பது வருசம் வேலை பாத்தா" என்றார் அப்பா. "உங்க ரிஜிஸ்தர்ல பேரு இருக்காது. சேத்துக்கங்க."

குரலை உயர்த்தவில்லை. யாரோ ஒருவர், "துக்கத்துல பேசறாரு, தப்பா நினைக்காதீங்க" என்று மேலாளரைத் தோளில் கை போட்டு வெளியே அழைத்துப் போனார். நான் அப்பாவின் பக்கத்தில் போய் நின்றேன். அவர் சொன்னதன் பொருள் அந்தப் பந்தலில் எங்கள் இருவருக்குத்தான் தெரியும்.

நான் மொன்றியல் திரும்பி ஆய்வை முடிக்கக் கூடுதலாக இரண்டு ஆண்டுகள் ஆயின. வடக்கு இங்கிலாந்தின் அந்த நூற்பாலைத் தெருக்களைப் பற்றி மறுபடி எழுத உட்கார்ந்தபோது, மில் வாசல்களைவிட்டு அவற்றின் பின்னாலிருந்த வீடுகளையே பார்த்துக்கொண்டிருந்தேன். வரிசை வரிசையாக வீடுகள், பின்புறம் சின்ன முற்றங்கள், துணிக்கொடிகள். அங்கே நின்றவர்களைப் பற்றி எந்த அறிக்கையும் ஒரு வரி தரவில்லை. ஆதாரம் இல்லாததை எழுத முடியாது. ஆதாரம் இல்லை என்பதை மட்டும் ஒரு பக்கத்தில் எழுதினேன். இந்த மாகாணத்துச் சுரங்கங்கள் அப்போதும் ஓடிக்கொண்டிருந்தன. மூட்டைகள் அப்போதும் எங்கள் நாட்டுக்குப் போய்க்கொண்டிருந்தன.

மகள் கார்டெரிக்குப் போகத் தொடங்கினாள். அந்தக் குழந்தைகள் காப்பகத்திலிருந்து அவள் கொண்டுவந்த பிரெஞ்சுப் பாட்டுகள் எங்கள் வீட்டை நிறைத்தன. அப்பாவை இங்கே வந்து இருக்கும்படி பலமுறை கேட்டுப் பார்த்தேன். வர மறுத்துவிட்டார். தன் உடம்பைப் பற்றி அவர் பேசுவதே இல்லை. ஆனால் வருடத்துக்கு ஒருமுறை நான் நெஞ்சுப் படம் எடுத்துக்கொள்ளும் வாரம் வந்தால், நான் சொல்லாமலே அவரிடமிருந்து போன் வந்துவிடும்.

"போயிட்டு வந்தியா?"

"போயிட்டு வந்தேம்ப்பா."

"படத்த உன்கிட்டக் காட்டினாங்களா?"

"காட்டினாங்க. நானே பாத்தேன். சுத்தமா இருக்கு."

அதைக் கேட்ட பிறகுதான், "சரி, புள்ளைய எழுப்பு, பேசறேன்" என்பார்.